கோர்ட்டுக்குப் போகிற வழி

செல்லியம்மாளின் நிலம் எங்கே இருக்கிறது என்பதில் அவளுக்கு ஒருநாளும் சந்தேகம் வந்ததில்லை. சந்தேகம் கோர்ட்டுக்குத்தான் வந்தது.

வெள்ளிமலைக்கு ஏறுகிற ரோடு முதல் வளைவை எடுப்பதற்குச் சற்று முன்னால், மூங்கிலோடை என்கிற அடிவாரக் கிராமத்தில், ரோட்டை ஒட்டினாற்போல இரண்டு ஏக்கர். அவளுடைய மாமனார் முள் வெட்டி, கல் பொறுக்கித் திருத்திய பூமி. பட்டா அவர் பெயரில் இருந்து, பிறகு அவள் புருஷன் கருப்பண்ணன் பெயருக்கு வந்தது. மேலே மலையில் வீடு, கீழே நிலம். ஒரு வருஷம் சாமை, ஒரு வருஷம் மரவள்ளி. கருப்பண்ணனுக்கு நெஞ்சுச்சளி முற்றி, அவனைக் கூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக அவள் அலைந்த வருஷத்தில் நிலம் சும்மா கிடந்தது. திரும்பி வந்து பார்த்தபோது அது சும்மா இல்லை. பின்பக்கத்து நிலத்துக்காரர் வெங்கடேசன் தன் கம்பிவேலியை ரோடு வரைக்கும் நகர்த்தி, உள்ளே மரவள்ளி நட்டிருந்தார். வெங்கடேசனுக்குக் கரும்பு இருந்தது, டிராக்டர் இருந்தது, நிலம் நிறைய இருந்தது. ரோடுதான் இல்லை.

போலீஸ் ஸ்டேஷனில் இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ என்றார்கள். தாலுகா ஆபீசில் இது கோர்ட்டு மேட்டர், சிவிலாகப் போ என்றார்கள். இரண்டும் ஒன்றுதான் என்று விளங்கவே அவளுக்குச் சில மாதங்கள் பிடித்தன. கடைசியில் இளவரசன் என்கிற வக்கீல் கிடைத்தார். நல்ல மனுஷர். அவருடைய கறுப்புக் கோட்டில் ஒரு பொத்தான் இல்லை, பேச்சில் பொய் இல்லை. இரண்டு குறையும் தொழிலில் அவரைக் கீழேயே வைத்திருந்தன.

முதல் கோர்ட்டு சின்னக் கோர்ட்டு. அங்கே வெங்கடேசனுக்காக ஒரு சீனியர் வக்கீல் எழுந்தார். நிலத்தை அவருடைய கட்சிக்காரர் பிடித்தாரா இல்லையா என்பதைப் பற்றி அவர் ஒரு வார்த்தை பேசவில்லை. அந்த நிலத்தின் அருமையைத்தான் பேசினார். ரோட்டோரம், தங்கம் விளைகிற மண், நாளைக்கே பெட்ரோல் பங்க் வரக்கூடிய இடம் என்றார். செல்லியம்மாளுக்கே கேட்கப் பெருமையாக இருந்தது. இத்தனை மதிப்புள்ள சொத்தை விசாரிக்கிற தகுதி இந்தச் சின்னக் கோர்ட்டுக்குக் கிடையாது என்று சொல்லி அவர் உட்கார்ந்தார். மூன்று வருஷம் யோசித்துவிட்டு நீதிபதி அவளைக் கூப்பிட்டார்.

“அம்மா, உங்களுக்கு நடந்தது அநியாயம் இல்லைன்னு நான் சொல்லல. ஆனா இந்தக் கோர்ட்டு விசாரிக்கிற அநியாயத்துக்கு ஒரு அளவு இருக்கு. உங்களுது அளவுக்கு மீறிப் போச்சு. கொஞ்சம் சின்னதா நடந்திருந்தா நானே பாத்துக் குடுத்திருப்பேன்.”

பிராதைத் திருப்பிக் கொடுத்தார்கள். அதை எடுத்துக்கொண்டு பெரிய கோர்ட்டுக்குப் போனார்கள். அதே கட்டடத்தில் மாடியில் இருந்தது அது.

மாடிக்கு அதே சீனியர் வக்கீல் வந்தார். இந்தத் தடவை நிலம் கல்லும் கள்ளியும் நிறைந்த கரடு என்றும், ஆடு மேய்ந்தாலும் வயிறு நிறையாது என்றும், இந்த அற்பச் சொத்துக்காக மாடிக் கோர்ட்டின் பொன்னான நேரத்தை வீணாக்குவது அவமரியாதை என்றும் வாதாடினார். நேரில் பார்த்து வர கோர்ட்டு ஒரு கமிஷனரை அனுப்பியது. அவர் வெங்கடேசன் வீட்டில் நாட்டுக்கோழிக் குழம்பு சாப்பிட்டுவிட்டு, கற்கள் ஏராளம் என்று எழுதிக் கொடுத்தார். கூடவே சீனியர் வக்கீல் இன்னொன்றும் சொன்னார்: ஜில்லா எல்லை ஓடைதான், நிலமோ ஓடைக்கு அந்தப் பக்கம், ஆகவே இது அடுத்த ஜில்லாச் சொத்து. இரண்டு காரணங்களில் நீதிபதிக்குப் பிடித்தது இரண்டாவதுதான். முதல் காரணம் வழக்கை மாடியிலிருந்து கீழே மட்டும்தான் இறக்கும். இரண்டாவது அதை ஜில்லாவை விட்டே அனுப்பிவிடும்.

“ஒரே நிலம் கீழ தங்கமாவும் மேல கல்லாவும் எப்டி சார் இருக்கும்?” என்று படிக்கட்டில் செல்லியம்மாள் கேட்டாள்.

“நிலம் வேற, வாதம் வேறம்மா,” என்றார் இளவரசன். “கோர்ட்டுக்குள்ள வாதம்தான் வரும். நிலம் வராது.”

மூன்றாவது கோர்ட்டு அடுத்த ஜில்லாவில். வெள்ளிமலையிலிருந்து விடியற்காலை பஸ்ஸைப் பிடித்து, கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டில் இறங்கி, வேறு பஸ் மாறிப் போனால், சரியாக வாய்தா போட்டு முடிந்த நேரத்தில் போய்ச் சேரலாம். அங்கே போய்க்கொண்டிருந்த காலத்தில்தான் கருப்பண்ணன் செத்துப்போனான்.

சாகிறதுக்கு முன்னால் அவன் கேட்டது ஒன்றே ஒன்று. தன்னைக் கீழே நிலத்தில் புதைக்க வேண்டும் என்றான். செல்லியம்மாள் வெங்கடேசன் வீட்டு வாசலில் போய் நின்றாள். அவர் உள்ளே இருந்தபடியே, கேஸ் நடந்துகொண்டிருக்கிறது, கோர்ட்டு சொன்னால் தாராளமாகப் புதைத்துக்கொள் என்று சொல்லி அனுப்பினார். இளவரசன் தன் ஸ்கூட்டரிலேயே அடுத்த ஜில்லாவுக்கு ஓடி அவசர மனு கொடுத்தார். நீதிபதி மனுவைப் படித்து மிகவும் வருத்தப்பட்டார். எதிர்த்தரப்பைக் கேட்காமல் எதுவும் செய்வது இயற்கை நீதிக்கு விரோதம் என்று விளக்கினார். வெங்கடேசனுக்கு நோட்டீஸ் அனுப்பி, பதில் சொல்ல இரண்டு வாரம் கொடுத்து, அதுவரை இரு தரப்பும் இப்போதுள்ள நிலையையே நீடிக்கச் செய்ய வேண்டும் என்று உத்தரவு போட்டார்.

அந்த உத்தரவை இளவரசன் எடுத்துவந்தபோது கருப்பண்ணன் வாசலில் பெஞ்சுமேல் கிடந்தான். சித்திரை மாச வெயில். உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்று அவள் கேட்டாள். அவர் படித்துச் சொன்னார். அவள் அழவில்லை. புருஷனை மேலே பாறைக்குப் பக்கத்தில், கடப்பாரை இறங்காத இடத்தில், தோண்டினவரைக்கும் தோண்டிப் புதைத்தார்கள். கோர்ட்டு உத்தரவை அவள் மீறியது அந்த ஒருதரம்தான். அன்றிலிருந்து அவளுக்கு நிலம் மட்டும் போதவில்லை.

மூன்றாவது கோர்ட்டில் சீனியர் வக்கீல் வழக்கம்போல ஜெயித்தார். வெள்ளத்தில் ஓடை தன் பாதையை மாற்றிக்கொண்டுவிட்டது, நிலம் இப்போது இந்தப் பக்கம் இல்லை என்றார். ஓடை எந்தப் பக்கம் ஓட வேண்டும் என்று உத்தரவிடத் தனக்கு அதிகாரம் இல்லை என்று நீதிபதி ஒப்புக்கொண்டார். பிராது திரும்பி வந்தது. அது அடுத்த ஜில்லாவில் இருந்த நேரத்தில் சொந்த ஜில்லாவையே இரண்டாகப் பிரித்துவிட்டிருந்தார்கள். ஆகவே நாலாவதாக ஒரு கோர்ட்டு.

நாலாவது கோர்ட்டு நீதிபதி கெட்டிக்காரர் என்று பெயர். மதிப்பைப் பார்த்தார், ஓடையைப் பார்த்தார், ஜில்லாவைப் பார்த்தார். இந்த வழக்கை விசாரிக்கிற முழு அதிகாரமும் இந்த நீதிமன்றத்துக்கே உண்டு என்று அறிவித்தார். இளவரசனுக்குக் கண் கலங்கிவிட்டது. செல்லியம்மாள் அவருக்கு ஜிஞ்சர் சோடா வாங்கிக் கொடுத்தாள். மத்தியானம் மீதித் தீர்ப்பைப் படித்தார்கள்.

“அதிகாரம் இருக்கிற காரணத்தால்தான் இதைச் சொல்ல முடிகிறது,” என்று நீதிபதி தொடங்கினார். “பறிபோன நிலத்தைப் பன்னிரண்டு வருஷத்துக்குள் கேட்க வேண்டும். இந்தக் கோர்ட்டில் இந்தம்மா வந்து கேட்டது அதற்குச் சில மாதங்கள் கழித்து. காலம் கடந்துவிட்டது. உரிமை அழிந்துவிட்டது.”

இளவரசன் எழுந்தார். தவறான கோர்ட்டில் நல்லெண்ணத்தோடு செலவான காலத்தைக் கழித்துக்கொள்ளச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது என்றார். நீதிபதி அதை ரசித்துக் கேட்டார்.

“இடம் இருக்கிறது. ஆனால் கவனமாக நடந்துகொண்டவர்களுக்குத்தான் அந்தச் சலுகை. மூன்று கோர்ட்டுகளும் தங்களுக்கு அதிகாரம் இல்லை என்று தெளிவாகச் சொல்லியிருக்கின்றன. அதைக் கண்டுபிடிக்க அவற்றுக்கு இத்தனை வருஷம் தேவைப்பட்டது உண்மை. ஆனால் இந்தம்மா முதல் நாளே தெரிந்துகொண்டிருக்க வேண்டும். சட்டம் தெரியாது என்று குடிமக்கள் யாரும் சொல்ல முடியாது. அந்த வசதி நீதிபதிகளுக்கு மட்டும்தான் உண்டு. அதற்காகத்தான் அப்பீல் வைத்திருக்கிறோம்.”

வெளியே புங்கமரத்தடியில் இளவரசன் அப்பீலைப் பற்றிப் பேசினார். அவள் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, வேறொன்றைக் கேட்டாள்.

“அவரு எப்டி சார் சொந்தக்காரரு ஆனாரு? இன்னா பண்ணாரு?”

“ஒண்ணும் பண்ணலம்மா. பகிரங்கமா, யாருக்கும் ஒளிக்காம, எனக்குத்தான்னு சொல்லிக்கினு பன்னெண்டு வருஷம் உள்ள இருந்தாரு. அவ்ளோதான்.”

“அவ்ளோதானா?”

“அவ்ளோதான்.”

“அத்த நான் இன்னிக்கி ஆரம்பிச்சா?”

இளவரசன் சுற்றும் முற்றும் பார்த்தார். வக்கீலாக இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லக் கூடாது என்றார். பிறகு கோட்டைக் கழற்றி மடித்துக் கையில் போட்டுக்கொண்டு, கோட்டு இல்லாத இளவரசனாகத் தலையை மட்டும் ஆட்டினார்.

அடுத்த வாரம், வெங்கடேசன் குடும்பத்தோடு திருநாவலூர் கோயிலுக்கு அபிஷேகம் செய்யப் போயிருந்த காலையில், மலையிலிருந்து இரண்டு ஜீப் இறங்கியது. செல்லியம்மாளின் கொழுந்தன், நாத்தனார், அவர்கள் பிள்ளைகள், ஆடுகள், மூங்கில், ஓலை. மத்தியானத்துக்குள் கம்பிவேலி பிடுங்கப்பட்டு, பழைய எல்லையில் முள்வேலி ஏறி, நடுவில் ஒரு குடிசை நின்றது. சட்டம் பகிரங்கமாக இருக்க வேண்டும் என்று சொல்லியிருந்ததால் செல்லியம்மாள் அதில் குறை வைக்கவில்லை. ஒரு மைக் செட் வாடகைக்கு எடுத்து வேப்பமரத்தில் குழாயைக் கட்டினாள். தினம் காலையில் வெங்கடேசன் பல் விளக்குகிற நேரத்துக்கு அது முழங்கியது.

“மூங்கிலோடை வெங்கடேசன் மொதலாளிக்குத் தெரிவிச்சுக்கறது. உங்க நெலத்துல செல்லியம்மாளாகிய நான் உங்க சம்மதம் இல்லாம, அநியாயமா, பகிரங்கமா இருந்துக்கினு இருக்கறேன். இன்னிக்கி மரவள்ளி புடுங்கறேன். தெரியாதுன்னு நாளைக்கிச் சொல்லக் கூடாது.”

வெங்கடேசன் போலீசுக்குப் போனார். இது சிவில் மேட்டர் என்றார்கள். முதல் கோர்ட்டுக்குப் போனார். அங்கே புது நீதிபதி பழைய தீர்ப்பை எடுத்து வைத்துக்கொண்டு, தங்கம் விளைகிற பூமி என்று உங்கள் வக்கீலே நிரூபித்திருக்கிறாரே, அது இந்தக் கோர்ட்டுக்கு மீறின சொத்து என்று இதே இரு தரப்புக்கும் நடுவில் முடிவாகிவிட்டது, முடிவானதை மறுபடி தொட முடியாது என்றார். மாடியில் கற்கள் ஏராளம் என்று படித்துக் காட்டினார்கள். அடுத்த ஜில்லாவில் ஓடை. ஒவ்வொரு இடத்திலும் சீனியர் வக்கீல் தன்னுடைய பழைய வாதத்தோடு தானே மோதித் தோற்றார். இரண்டு தடவையும் ஃபீஸ் வாங்கிக்கொண்டார்.

நாலாவது கோர்ட்டு ஒன்றுதான் மிச்சம். அங்கே நீதிபதி அவரை உட்காரச் சொல்லி, ஒரு நல்ல செய்தி சொன்னார். மக்களின் வாசலுக்கே நீதியைக் கொண்டுபோகிற திட்டத்தில், மலைக் கிராமங்களுக்கும் அடிவாரத்துக்கும் தனியாக ஒரு புதுக் கோர்ட்டு அறிவித்தாகிவிட்டது. போன மாதத்திலிருந்து மூங்கிலோடை தன் எல்லையில் இல்லை. புதுக் கோர்ட்டு எங்கே இருக்கிறது என்று வெங்கடேசன் கேட்டார். கெஜட்டில் இருக்கிறது, இடம் கிடைத்ததும் தரைக்கு வரும் என்றார் நீதிபதி.

வெங்கடேசன் அவசரப்பட்டார். ஒரு வருஷம் குழாய்ச் சத்தத்தில் கண்விழித்த மனுஷன் அவசரப்படத்தான் செய்வார். தன் நிலத்திலேயே, முள்வேலிக்குப் பின்னால், கோர்ட்டுக்கு இடம் எழுதிக் கொடுத்தார். தன் இடத்தில் நிற்கிற கோர்ட்டு தனக்கு முதல் உத்தரவு போடாதா என்பது அவர் கணக்கு. கல்லும் சிமென்டும் வந்தன. ரோட்டிலிருந்து அந்த இடத்துக்குப் போக செல்லியம்மாள் நிலத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். லாரிக்காரர்கள் தயங்கி நின்றார்கள். அவள் முள்வேலியின் படலை அகலமாகத் திறந்துவிட்டாள். கொத்தனார்களுக்குத் தண்ணீர் கொடுத்தாள், கேழ்வரகுக் கூழ் கொடுத்தாள். பழி வாங்குகிறவள் இத்தனை சாந்தமாக இருப்பாள் என்று வெங்கடேசனுக்குத் தோன்றவில்லை. கிழவி அடங்கிவிட்டாள் என்று ஊரில் சொல்லிக்கொண்டார்.

திறப்பு விழா நாள். கட்டடத்துக்கு வெள்ளை அடித்து, பந்தல் போட்டு, வாசலில் சிவப்பு ரிப்பன் கட்டியாகிவிட்டது. சமையல்காரர்கள் விடியற்காலையே உள்ளே போய்விட்டார்கள். பத்து மணிக்கு, கோர்ட்டைத் திறந்துவைக்க வந்த ஜில்லாப் பெரிய நீதிபதியின் கார் ரோட்டில் வந்து நின்றபோது படல் மூடியிருந்தது. அதன்மேல் புதிதாக வெட்டின காரைமுள். உள்ளே செல்லியம்மாள் மரவள்ளிக் கிழங்குக்கு மண் தட்டிக்கொண்டிருந்தாள்.

இன்ஸ்பெக்டர் முன்னே வந்து படலைத் தொட்டார். மைக் செட் குழாயில் கொழுந்தன் குரல் அவர் பெயரைக் கேட்டது. கையை எடுத்துக்கொண்டார்.

“ஐயா, இது சிவில் மேட்டர்,” என்றார் பெரிய நீதிபதியிடம். “கோர்ட்டு ஆர்டர் இல்லாம நாங்க உள்ள கால் வைக்க முடியாதுங்க.”

“நான்தானய்யா கோர்ட்டு.”

தலைமைக் குமாஸ்தா குனிந்து காதில் சொன்னார். ரிப்பன் வெட்டின நிமிஷத்திலிருந்துதான் கோர்ட்டுக்கு அதிகாரம் பிறக்கிறது. ரிப்பன் உள்ளே இருக்கிறது. வேறொரு ரிப்பன் வாங்கி ரோட்டிலேயே வெட்டலாமே என்று யாரோ சொன்னதற்கு, கெஜட்டில் சர்வே நம்பர் போட்டிருக்கிறது, இந்த ரோடு நாலாவது கோர்ட்டின் எல்லை, இங்கே வெட்டினால் அதிகார மீறல் என்றார் குமாஸ்தா. ஓடைக்குள் இறங்கிச் சுற்றிப் போகலாமே என்றதற்கு, ஓடை ஜில்லா எல்லை, அங்கே கால் வைக்க அடுத்த ஜில்லாவைக் கேட்க வேண்டும் என்றார். நாலாவது கோர்ட்டு நீதிபதியும் விழாவுக்கு வந்திருந்தார். ரோடு தன்னுடையதுதான், ஆனால் படலுக்கு அந்தப் பக்கம் தன்னுடையது இல்லை என்று பெருமையோடு உறுதி செய்தார்.

பேச்சு ஏற்கெனவே அச்சாகிவிட்டதால் பெரிய நீதிபதி அதை ரோட்டிலேயே படித்தார். “நீதிக்கும் மக்களுக்கும் நடுவில் இன்றோடு எல்லாத் தடைகளும் நீங்கின,” என்று காரைமுள்ளைப் பார்த்துச் சொன்னார். கை தட்டினார்கள். ஒரு டவுன் பஸ் ஹாரன் அடித்து அவர்களை ஓரமாக ஒதுக்கியது.

வெயில் ஏறியது. கறுப்புக் கோட்டுகள் எல்லாம் நனைந்தன. வெங்கடேசன் படலுக்கு இந்தப் பக்கம் நின்று, இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக அவளை வாங்க போங்க போட்டுக் கூப்பிட்டார்.

“செல்லியம்மா, இவ்ளோ பெரியவங்கல்லாம் வெயில்ல நிக்கறாங்க. என் மானம் போவுது. இன்னாதான் வேணும், சொல்லுங்க.”

“எழுதிக் குடுங்க மொதலாளி. உங்களுக்கும் இந்த நெலத்துக்கும் சம்பந்தம் இல்லன்னு பதிஞ்சு குடுங்க.”

பெரிய நீதிபதி வெங்கடேசனைப் பார்த்தார். இன்ஸ்பெக்டரும் பார்த்தார். அந்தப் பார்வைக்கு எந்தச் சட்டத்திலும் பிரிவு இல்லை. ஆனால் வேலை செய்தது. வெங்கடேசன் காரில் ஏறினார், இளவரசன் பின்னாலேயே ஸ்கூட்டரில் போனார். நாலு கோர்ட்டுகளும் பல வருஷம் தேடிக் கிடைக்காத முடிவு, பத்திர ஆபீசில் பொழுது சாயுமுன் பதிவாயிற்று. அதற்குள் உள்ளே சமையல் ஆறிக்கொண்டிருந்ததால், சமையல்காரர்களும் செல்லியம்மாளின் சொந்தபந்தங்களும் பந்தலில் உட்கார்ந்து விருந்தைச் சாப்பிட்டுவிட்டார்கள். வடையின் வாசனை ரோடு வரைக்கும் வந்தது.

பத்திரத்தை இளவரசன் படலுக்கு மேலாகக் கொடுத்தார். அவள் அதைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்தாள், நேராகத் திருப்பிப் பார்த்தாள், முந்தானையில் முடிந்து இடுப்பில் செருகினாள். எல்லோரும் எழுந்து கோட்டைச் சரிசெய்துகொண்டார்கள். குமாஸ்தா கத்தரிக்கோல் தட்டைத் தூக்கிக்கொண்டார். வெங்கடேசன் முகத்தைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்து நின்றார்.

அவள் மண்வெட்டியை எடுத்து மறுபடி மண் தட்ட ஆரம்பித்தாள்.

“அதான் அவர் எழுதிக் கொடுத்துவிட்டாரே அம்மா,” என்றார் பெரிய நீதிபதி. “இன்னும் என்ன?”

செல்லியம்மாள் நிமிர்ந்தாள். கருப்பண்ணன் கிடந்த அந்தப் பெஞ்சு அவள் கண்ணுக்குள் இருந்தது என்று பிற்பாடு இளவரசனிடம் சொன்னாள். அப்போது அவர்களிடம் அதைச் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவர்கள் மிகவும் வருத்தப்பட்டிருப்பார்கள்.

“அவரு தகராறு முடிஞ்சிபோச்சி சாமி. உங்க தகராறு இன்னும் ஆரம்பிக்கவே இல்ல. இது என் பட்டா நெலம். வழி வேணும்னா கேஸ் போடுங்க. எந்தக் கோர்ட்டுன்னு நீங்களே தேடிக்கினு போங்க.”

எல்லோரும் இளவரசனைப் பார்த்தார்கள். அவர் கோட்டைப் போட்டுக்கொண்டு, மிகுந்த மரியாதையோடு சட்டத்தைச் சொன்னார். இந்த நிலத்துத் தகராறை விசாரிக்கிற கோர்ட்டு ஒன்றுதான். அது உள்ளே இருக்கிறது. திறந்த பிறகு அங்கே மனு கொடுக்கலாம். நடந்து பழகின வழி என்று பாத்தியம் கேட்பதானால் இருபது வருஷம் நடந்திருக்க வேண்டும். ஐயா அவர்கள் இன்னும் ஒரு அடிகூட நடக்கவில்லை.

கார்கள் ஒவ்வொன்றாகத் திரும்பிப் போயின. வெங்கடேசன் கடைசியாக, நடந்து போனார். அவருக்கும் அவருடைய கரும்புக்கும் ரோட்டுக்கு வர வேறு வழி இல்லாததால், அன்றிலிருந்து ஓடை வழியாகச் சுற்றித்தான் போகிறார். மழைக்காலத்தில் அதுவும் இல்லை.

புதுக் கோர்ட்டு ரத்தாகவில்லை. அறிவித்த கோர்ட்டை ரத்து செய்கிற அதிகாரம் யாருக்கு என்பதில் கருத்து வேறுபாடு இருக்கிறது. நாலாவது கோர்ட்டு இதற்குத் தள்ளிவிட்ட வழக்குகளின் வாய்தா நாட்களில் டவாலி பஸ்ஸில் வந்து ரோட்டில் இறங்குவார். படலுக்கு வெளியே நின்று, வெள்ளைக் கட்டடத்தைப் பார்த்து, கட்சிக்காரர்கள் பெயரை மூன்று மூன்று தடவை கூப்பிடுவார். உள்ளேயிருந்து பதில் வராது. வழக்கை ஒத்திவைத்துவிட்டு அடுத்த பஸ்ஸில் போய்விடுவார். வெயில் அதிகமான நாளில் செல்லியம்மாள் படல் சந்தில் ஒரு செம்பு மோர் நீட்டுவாள். அவர் வேலைக்காரர், அவர்மேல் அவளுக்குக் கோபம் இல்லை.

வருஷ முடிவில் மேலிடத்துக்கு அறிக்கை போனது. மற்றக் கோர்ட்டுகளோடு ஒப்பிட்டுப் பார்த்ததில், இங்கே வேலை எதுவும் தடைபட்டதாகத் தெரியவில்லை என்று அதில் எழுதியிருந்தார்கள்.